மேசையில் நான்காவது படம்

பெப்ரவரி 11, செவ்வாய்க்கிழமை. லண்டனில் மிச்சம் என்ற பகுதி, எங்கள் வீட்டின் முன்னறை.
காலை 9.30. பராமரிப்பாளர் வழமைபோல் வந்தார். என் மனைவி விழித்திருந்தாள்.
9.45. தன் தமையனைப் பார்க்கவேண்டும் என்று மனைவி கேட்டாள்.
10.10. அவரை அழைத்துவர நான் வீட்டிலிருந்து புறப்பட்டேன்.
10.55. குரோய்டனில் உள்ள தமையன் வீட்டை அடைந்தேன்.
11.38. மனைவியின் உயிர் பிரிந்தது. நேரத்தைக் குறித்தவர் பராமரிப்பாளர்.
11.41, 11.47. என் கைத்தொலைபேசிக்கு இரண்டு அழைப்புகள். நான் எடுக்கவில்லை.
12.04. எடுத்தேன்.
12.50. வீடு வந்து சேர்ந்தேன்.

மார்ச் 13, வியாழக்கிழமை. முப்பத்தோராம் நாள். நினைவுப் புத்தகம் வழங்கப்பட்டது. கடைசி மணித்தியாலத்தில் தமையன் அவளுடைய வலது கையையும் கணவன் இடது கையையும் பிடித்திருந்ததாக அதன் ஏழாம் பக்கத்தில் அச்சாகியிருந்தது.

நவம்பர் 1, சனிக்கிழமை, நண்பகல். அதே முன்னறையில் இறந்தோருக்கான மேசை வைக்கப்பட்டது. அதில் நான்கு படங்கள்.

நவம்பர் 2, ஞாயிற்றுக்கிழமை, நண்பகல். மேசை கலைக்கப்பட்டது. அப்போது அதில் இருந்தவை மூன்று படங்கள்.

மேலே எழுதியவற்றில் எதையும் எவராலும் மறுக்கமுடியாது. முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் குடிவரவு வழக்குகளில் மொழிபெயர்ப்பாளனாக இருந்தவன் நான். அதற்கு முன் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்தேன். விசாரணை அறைகளில் ஒருவர் தன் முதுகிலுள்ள தழும்பைப் பற்றிச் சொன்னால், மொழிபெயர்ப்பாளன் ‘அவருடைய முதுகு’ என்று சொல்லக்கூடாது. ‘என் முதுகு’ என்றுதான் சொல்லவேண்டும். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. எத்தனையோ பேருடைய தழும்புகளை என்னுடையவைபோல ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, மாலையில் ட்ராம் பிடித்து வீட்டுக்கு வந்து சாப்பிட்டிருக்கிறேன். ஆகவே, நான் ஒரு பொய் சொன்னேன் என்றால் அது வாய்தவறி வந்ததல்ல. ஆராய்ந்து, அளந்து சொன்ன பொய். அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

என் மனைவிக்கு ஒரே ஒரு தமையன். எங்களுக்கு முன்பே லண்டனுக்கு வந்தவர். பெற்றோல் நிலையத்தில் தொடங்கி, இரண்டு கடைகளுக்கு உரிமையாளராகி, ஓய்வுக்குப் பின் ஒரு கோயிலின் நிர்வாக சபையில் இருக்கிறார். அவருக்கு நல்ல குரல். அவர் தேவாரம் பாடத் தொடங்கினால் இடையில் எழுந்து போக மனம் வராது. எனக்குப் பிடிக்காதவர் என்பதற்காக இதை நான் குறைத்துச் சொல்லமுடியாது.

எங்கள் பகை ஒரு கலியாண மண்டபத்தில் தொடங்கியது. சில வாரங்களுக்கு முன் வெளிவந்த கோயில் மலரில் அவர் தன் பெயருக்கு முன்னால் ‘கலாநிதி’ என்று போட்டிருந்தார். சாப்பாட்டு மேசையில் எனக்கு எதிரே இருந்தவர், “உங்கடை மச்சான் எந்தப் பல்கலைக்கழகத்திலை அந்தப் பட்டம் எடுத்தவர்?” என்று கேட்டார்.

“ஒண்டிலையும் இல்லை” என்றேன்.

கேட்டதற்குப் பதில் சொன்னேன். மச்சான் அடுத்த மேசையில் எங்களுக்கு முதுகு காட்டி அமர்ந்திருந்தது எனக்குத் தெரியும் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். அவர் பாயசத்தைக் குடிக்காமல் எழுந்து போனார். அதன்பின் எங்கள் வீட்டு வாசலை மிதிக்கவில்லை.

அடுத்த மாதம் மனைவிக்கு நோய் கண்டுபிடிக்கப்பட்டது. பதினான்கு மாதங்கள். குரோய்டனுக்கும் மிச்சத்துக்கும் இடையே ட்ராமில் இருபது நிமிடங்கூட இல்லை; நடையும் காத்திருப்பும் சேர்த்தாலும் வாசலுக்கு வாசல் முக்கால் மணித்தியாலம். அவளுடைய கட்டில் முன்னறைக்கு இறங்கி வந்தது, நடை போனது, பிறகு பார்வை மங்கியது. தொலைபேசியில் அழைத்தேன், அவர் எடுக்கவில்லை. கடிதம் எழுதினேன், பதில் வரவில்லை. மனைவி என்னைக் குறை சொன்னது ஒரே ஒரு தடவைதான். “இஞ்சாருங்கோ, உங்கடை வாயாலைதான் அண்ணை வரேல்லை” என்றாள். பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை. எடுத்திருந்தால் எனக்கு இலகுவாக இருந்திருக்கும்.

அந்தச் செவ்வாய்க்கிழமை அவள் மறுபடி கேட்டபோது நான் நேரிலே போனேன். மச்சான் சுவாமி அறையில் இருந்தார். மேலங்கியை நடையில் கொழுவிவிட்டு நான் வரவேற்பறையில் காத்திருந்தேன். கைத்தொலைபேசி மேலங்கியின் பையில் இருந்தது. அவர் பூசையை முடித்து, திருநீறு பூசி, வேட்டியைச் சரிசெய்துகொண்டு வந்து எதிரே இருந்தார்.

“தங்கச்சி உங்களைப் பாக்கக் கேக்கிறா. நாள் கணக்கில்லை, மச்சான். இப்பவே வாங்கோ.”

“வாறன். ஆனா நீங்கள் அண்டைக்குச் சபையிலை வைச்சுச் சொன்னதுக்கு என்ன செய்யப் போறியள்?”

“மன்னிப்புக் கேக்கிறன்.”

“இப்பிடி வீட்டுக்குள்ளை வைச்சுக் கேட்டு என்ன பிரயோசனம்? எழுத்திலை தாங்கோ.”

அவரே கடதாசியும் பேனாவும் கொண்டுவந்து வைத்தார். நான் எழுதினேன். வாசித்துவிட்டு, “ரெண்டு வரியோ? உங்களைப்போலை படிச்ச ஆக்கள் ரெண்டு வரியிலையோ எழுதுறது?” என்றார். நான் இரண்டாவது தாளை எடுத்தேன். இங்கேதான் என் பங்கு வருகிறது. கண்ணை மூடிக்கொண்டு நான்கு வசனம் எழுதிக் கொடுத்திருக்கலாம். ஆனால் நான் என் மதிப்புக் கெடாமல் தாழ்ந்துபோகக் கூடிய ஒரு வசனத்தைத் தேடிக்கொண்டிருந்தேன். 11.38 மணிக்கு நான் அந்த வசனத்தின் நடுவில் இருந்தேன்.

நடையில் மேலங்கியின் பை இரண்டு தடவை அதிர்ந்தது எனக்குக் கேட்கவில்லை. 12.04க்குக் கேட்டது. நான் எழுந்து போனேன். “நான் உடுப்பு மாத்திக்கொண்டு பின்னாலை வாறன்” என்றார் மச்சான். அவர் வந்தது பின்னேரம் ஐந்து மணிக்கு. அதற்குள் பராமரிப்பாளர் தன் கடமை நேரம் முடிந்து போய்விட்டார். மச்சான் உள்ளே வந்து, தங்கையின் காலடியில் விழுந்து, தெருவுக்குக் கேட்க அழுதார்.

முப்பத்தோராம் நாள் கொடுக்கும் நினைவுப் புத்தகத்தை எங்கள் ஊரில் கல்வெட்டு என்பார்கள். வழவழப்பான தாளில்தான் அச்சாகும். என்றாலும் பெயருக்கேற்ற பலம் அதற்கு உண்டு. அதில் வந்ததை எவரும் பிறகு விசாரிப்பதில்லை. லண்டனில் மட்டுமல்ல, கனடாவிலும் அவுஸ்திரேலியாவிலும் உள்ள உறவினர் வீடுகளில் அலுமாரித் தட்டுகளில் அது இருக்கும். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. எனக்கு அப்போது எதிலும் மனம் செல்லவில்லை. புத்தக வேலையை மச்சான் பொறுப்பேற்றார். ஏழாம் பக்கத்தில் அவருடைய படம், அதற்குக் கீழே அவருடைய இரங்கலுரை. தங்கையின் கடைசி மணித்தியாலத்தில் தானும் அவள் கணவனும் ஆளுக்கொரு கையைப் பிடித்திருந்ததாக எழுதியிருந்தார்.

அவர் தனக்கு மட்டும் ஒரு பொய் எழுதியிருந்தால் நான் அன்றே எழுந்து நின்று மறுத்திருப்பேன். அவர் கெட்டிக்காரர். பொய்யில் எனக்கும் ஒரு கையைக் கொடுத்திருந்தார்.

மண்டபத்தில் உறவினர் ஒருவர் என்னிடம் வந்து, “ரெண்டு பேரும் பக்கத்திலை இருக்கப் போய்ச் சேர்ந்தது அவ செய்த புண்ணியம்” என்றார். நான் கைகூப்பினேன். இடது கையின் பங்கை அந்தக் கணமே ஏற்றுக்கொண்டேன். அறையின் மறுகோடியிலிருந்து மச்சான் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அதன்பின் வந்த மாதங்களில் எனக்கு ஒரே வேலைதான் இருந்தது. ஏழாம் பக்கத்தை எப்படித் திருப்பிக் கொடுப்பது? காலையில் தேத்தண்ணி போடும்போதும் மாலையில் மருந்துக்கடைக்கு நடக்கும்போதும் அதையே நினைத்தேன். கோயில் நிர்வாக சபைக்குக் கடிதம்; உறவினர் எல்லாருக்கும் ஒரு திருத்தத் தாள்; அடுத்த கலியாணத்தில் எல்லார் முன்னிலையிலும் ஒரு கேள்வி. ஒவ்வொன்றையும் எழுதிப் பார்த்தேன். ஒவ்வொன்றும் கடைசியில் ஒரே வினாவில் போய் முட்டியது: அந்த நேரம் நீர் எங்கே இருந்தீர்?

ஒக்டோபர் நடுவில் பராமரிப்பாளர் வந்தார். பொலிவியா நாட்டில் கோச்சபம்பா என்ற நகரைச் சேர்ந்த பெண், நாற்பது வயதிருக்கும். வேலை முடிந்த பின்பும் மாதம் ஒருமுறை வந்து, குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து பார்த்து, என்னை ஏசிவிட்டுப் போவார். மனைவி என்னை ‘இஞ்சாருங்கோ’ என்று கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு அவரும் என்னை அப்படியே கூப்பிடுவார். அது பெயர் இல்லை என்று அவருக்குத் தெரியும். அதைச் சொன்னால் நான் திரும்பிப் பார்க்கிறேன், அது போதும் என்பார். மற்றபடி நாங்கள் பேசுவது ஆங்கிலம். அவருடைய ஆங்கிலத்தை இங்கே எங்கள் பேச்சில் தருகிறேன், பழகிய தொழில்.

“இஞ்சாருங்கோ, அக்காவுக்கு மேசை வைக்கவேணும். வாற மாதம் முதலாந் திகதி.”

“முப்பத்தொண்டு செய்தாச்சு. மாசியம் மாசாமாசம் கோயிலிலை நடக்குது.”

“அது உங்கடை முறை. நான் அக்காவைக் கழுவித் துடைச்சனான், எனக்கும் ஒரு பங்கு இருக்கு. செத்தவை முதல் மூண்டு வருசம் கட்டாயம் வருவினம். முதலாந் திகதி மத்தியானம் வந்து, அடுத்த நாள் மத்தியானம் திரும்பிப் போவினம். மேசை இல்லாட்டி வெறும் வயிறோடை போவினம். அதுவும் உயிர் போன வீட்டிலைதான் வைக்கவேணும்.”

மேசையில் என்னென்ன வைப்பார்கள் என்று கேட்டேன். அவர் விரல் மடித்துச் சொன்னார். பெரியவர் இறந்த வீடென்றால் கறுப்புத் துணி. அடுப்பில் சுட்ட பாணால் செய்த ஏணி, வந்தவர் இறங்கவும் ஏறவும். பாணால் செய்த குதிரை, திரும்பிப் போகையில் சுமை ஏற்ற. நீண்ட தாளோடு கூடிய வெங்காயம்; அந்தக் குழாயில்தான் வழிக்குத் தண்ணீர் கொண்டுபோவார்கள். ஊன்றி நடக்கக் கரும்பு. ஒவ்வொரு இறந்தவருக்கும் ஒரு பாண் பொம்மை, அதற்கு வர்ணம் பூசிய சாந்து முகம். அவர்கள் விரும்பிச் சாப்பிட்டவை எல்லாம். அயலவர் வந்து ஒவ்வொரு பெயருக்கும் வேண்டுதல் செய்ய, வீட்டார் அவர்களுக்கு மேசைப் பாணைக் கொடுப்பார்கள்.

நான் வரலாறு படித்தவன்; சடங்குகளை ஒப்பிட்டுப் பார்ப்பது என் பழக்கம். எங்கள் கிரியைகள் இறந்தவரை அனுப்பிவைப்பதில் கருத்தாக இருக்கின்றன. வழி தவறாமல் போய், முன்னோரோடு சேர்ந்துகொள் என்று ஒவ்வொரு படியாகத் தள்ளிவிடுகின்றன. அவர்களுடையது அழைப்பதில் கருத்தாக இருக்கிறது. வா, இரு, சாப்பிடு, உன் பெயரைச் சொல்கிறோம், கேள். எட்டு மாதமாக நான் ஒருவரை எங்காவது அழைத்து உட்காரவைத்து, அவர் பெயரை உரக்கச் சொல்ல விரும்பிக்கொண்டிருந்தேன். “வையுங்கோ” என்றேன்.

“தனிய வரமாட்டினம். கூட வாற ஆக்களின்ரை படமும் தாங்கோ. அக்காவின்ரை ஆக்கள்.”

மனைவியின் தகப்பன் படத்தையும் தாய் படத்தையும் எடுத்துக் கொடுத்தேன். பிறகு மேல்மாடிக்குப் போய், கல்வெட்டை எடுத்து, ஏழாம் பக்கத்திலிருந்த படத்தைக் கத்தரிக்கோலால் வெட்டினேன். ஓரம் நேராக வரவேண்டும் என்று அடிமட்டம் வைத்துக் கோடு போட்டே வெட்டினேன். எந்த இடத்திலாவது நிறுத்தியிருக்கலாம். கத்தரிக்கோல் அலுமாரியில் இருந்தது, அடிமட்டம் மேசை இலாச்சியில் இருந்தது. இரண்டுக்கும் இடையில் அறையைக் கடந்து நடந்தேன்.

பராமரிப்பாளர் படத்தைப் பார்த்தார். மச்சானை அவர் கண்டதே இல்லை. நோயின்போது மச்சான் வரவில்லை. செத்தவீட்டன்றும் முப்பத்தோராம் நாளன்றும் பராமரிப்பாளருக்கு வேறொரு வீட்டில் கடமை.

“இது ஆர்?”

“அவளின்ரை தமையன்.”

“ஐயோ. எப்ப?”

“பெப்ரவரி பதினொண்டு.”

“அக்கா போன அண்டைக்கோ?”

“அதே மணித்தியாலம்.”

அவர் கதிரையில் இருந்துவிட்டார். பிறகு மெல்லச் சொன்னார்: “அதுதான் நீங்கள் போன் எடுக்கேல்லை. எட்டு மாசமா நான் மனதுக்குள்ளை உங்களை ஏசிக்கொண்டிருந்தனான். நீங்கள் ஒரு வார்த்தை சொல்லேல்லையே.”

மச்சானுக்கு எதிராக நான் சொன்ன பொய் எனக்குச் சாதகமாகவும் வேலை செய்யும் என்று நான் எண்ணியிருக்கவில்லை. தெரிந்தபின்பும் திருத்தவில்லை. பராமரிப்பாளரின் முகத்தில் துக்கத்தோடு ஓர் ஆறுதலும் இருந்தது. அது எதற்கு என்று நான் கேட்கவில்லை. அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மனைவியிடம் கற்ற தமிழில் “பாவம்” என்று படத்திடம் சொன்னார்.

நவம்பர் முதலாந் திகதி காலையில் அவரும் அவருடைய தாயும் உறவுப் பெண்கள் இருவரும் பெட்டிகளோடு வந்தார்கள். மனைவியின் கட்டில் இருந்த இடத்தில் மேசை போட்டார்கள். சாந்து முகங்கள் கோச்சபம்பாவிலிருந்து தபாலில் வந்தவை. எல்லாமே இளஞ்சிவப்புக் கன்னமும் நீலக் கண்ணுமாக இருந்தன. என் மனைவிக்குரிய முகத்தில் நகப்பூச்சால் ஒரு பொட்டு வைத்திருந்தார்கள். மச்சானுக்குரிய முகத்தில் கண்மைப் பென்சிலால் மீசை போட்டிருந்தார்கள். ஒவ்வொரு பாணின் கழுத்திலும் பெயர் எழுதிய சிறு அட்டை நூலில் தொங்கியது. மனைவிக்காக நான் மோர்மிளகாய் பொரித்தேன். ரின்பால் தேத்தண்ணி ஊற்றினேன். கிறீம் கிறாக்கர் பிஸ்கற்றைப் பெட்டியோடு வைத்தேன். மச்சானுக்கு என்ன பிடிக்கும் என்று தாய் கேட்டார். “பாயசம்” என்றேன். ஒரு கிண்ணம் வைத்தார்கள்.

மச்சானை நான் வெள்ளிக்கிழமையே அழைத்திருந்தேன். அன்று அவர் முதல் மணியிலேயே எடுத்தார்.

“ஞாயிறு பதினொரு மணிக்கு வாங்கோ. தங்கச்சிக்கு ஒரு படையல்.”

“ஐயர் ஆர்?”

“ஐயர் இல்லை. இது பொலிவியா முறை.”

“அது எங்கை கிடக்கு?”

கலாநிதிக்குத் தெரிந்திருக்கவேண்டுமே என்று ஒரு பதில் நாக்கின் நுனிவரை வந்தது. அதை விழுங்கினேன். பெரியதை வைத்துக்கொண்டு சிறியதைச் செலவழிக்க மனமில்லை. “தென்னமெரிக்காவிலை. நீங்கள் வந்து ஒரு தேவாரம் பாடினால் காணும்” என்றேன்.

“அதுக்கென்ன, பாடுறன்” என்றார். பாடச் சொன்னால் அவர் வருவார் என்று எனக்குத் தெரியும்.

ஞாயிறு பதினொரு மணிக்குச் சரியாக, பட்டு வேட்டியும் அதன் மேல் குளிரங்கியுமாக, ஒரு பையில் மாலையோடு வந்தார். பராமரிப்பாளர் குசினியில் இருந்தார். மச்சான் மேசையை மேலோட்டமாகப் பார்த்தார். மெழுகுதிரிகளும் கரும்பும் பாணும் படங்களும் நெருங்கியிருந்ததில் தங்கையின் பெரிய படம் ஒன்றுதான் அவர் கண்ணில் பட்டிருக்கும். மாலையை அதற்குப் போட்டார். கண்ணை மூடினார். பாடினார்.

நன்றாகவே பாடினார். மொழி தெரியாத அந்தப் பெண்கள் எழுந்து நின்றார்கள். என்னை அறியாமல் நானும் கைகூப்பினேன். அதற்காக அவரை இன்னும் கொஞ்சம் வெறுத்தேன். பாடி முடிந்ததும் பராமரிப்பாளரின் தாய், வேண்டுதல் செய்தவருக்குக் கொடுக்கவேண்டிய முறைப்படி, கைக்கு எட்டிய ஒரு பாணை எடுத்து இரண்டு கையாலும் அவரிடம் நீட்டினார். மீசை வைத்த பாண். அதை நான் ஏற்பாடு செய்யவில்லை. செய்திருந்தால் இவ்வளவு சரியாக அமைந்திராது.

மச்சான் மரியாதையாக வாங்கினார். கழுத்தில் தொங்கிய அட்டையைத் திருப்பினார். வாசித்தார். தலையை உயர்த்தி மேசையைப் பார்த்தார். தன் தகப்பனுக்கும் தாய்க்கும் நடுவில், எரிகின்ற திரிக்குப் பின்னால், தன்னைக் கண்டார்.

அவர் நாள் நட்சத்திரம் பார்த்து நகம் வெட்டுகிறவர். முகம் வெளிறிப்போனது. எனக்கு மகிழ்ச்சியாக இருந்தது. அந்தச் சொல்லை நான் கவனமாகத் தேர்ந்துதான் எழுதுகிறேன்.

“என்ன மச்சான் இது?”

“நீங்கள் அச்சடிச்ச படந்தான்.”

“நான் உயிரோடை நிக்கிறன்.”

“நீங்கள் நிக்கிறியள். ஏழாம் பக்கத்திலை தங்கச்சியின்ரை கையைப் பிடிச்சுக்கொண்டிருந்த ஒருத்தர் இருக்கிறார். அவருக்குத்தான் வைச்சனான். அப்பிடி ஒருத்தர் இந்த உலகத்திலை இல்லை எண்டது உங்களுக்கும் தெரியும்.”

பராமரிப்பாளர் தட்டோடு குசினி வாசலில் வந்து நின்றார். படத்தைப் பார்த்தார், பட்டு வேட்டிக்காரரைப் பார்த்தார். தட்டைக் கீழே வைத்தார். “இஞ்சாருங்கோ, இந்த மனிசன் செத்தவர்” என்றார்.

மச்சான் அதற்கும் திரும்பவில்லை. என்னையே பார்த்து, குரல் உயர்த்தாமல் சொன்னார்: “அப்ப உங்கடை படம் எங்கை? மற்றக் கை உங்கடையெல்லோ. நீங்களும்தான் அங்கை இல்லை. என்ரை கதிரையிலை இருந்து, என்ரை பேனாவாலை வடிவா வசனம் எழுதிக்கொண்டிருந்தனியள். ரெண்டு படமா வைச்சிருக்கவேணும், மச்சான். ஒரு பாணுக்கு மீசை, மற்றப் பாணுக்கு உங்கடை மூக்குக்கண்ணாடி.”

“அவர் என்ன சொல்லுறார்? சொல்லுங்கோ” என்றார் பராமரிப்பாளர்.

முப்பது ஆண்டுப் பழக்கம். நான் ஆங்கிலத்தில் சொன்னேன், கூட்டாமல், குறைக்காமல். மச்சான் பேசியதை அவருடைய வாயாக நின்றே சொன்னேன்: என் கதிரையில் இருந்தார், என் பேனாவால் எழுதினார், அவரும் அங்கே இல்லை. பிறகு ஏழாம் பக்கத்தில் என்ன அச்சாகியிருக்கிறது என்பதையும் சொன்னேன். உண்மையில் அந்த நேரம் அவளோடு இருந்தவர் எந்தப் பக்கத்திலும் இல்லை என்பதை, அப்படி இருந்த பராமரிப்பாளருக்கே மொழிபெயர்த்தேன்.

பக்கத்தைப் பற்றி அவர் அக்கறைப்படவில்லை. நேரே மேசைக்குப் போய், படத்துக்கு முன்னால் எரிந்த திரியை விரலால் அணைத்து, படத்தை எடுத்து மச்சானின் கையில் கொடுத்தார். “மன்னியுங்கோ. எனக்குத் தெரியாது” என்றார். என் பக்கம் பார்க்கவில்லை. மச்சான் பாணைத் திருப்பிக் கொடுக்கப் பார்த்தார். பராமரிப்பாளரின் தாய் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டார். வேண்டுதலுக்குக் கொடுத்ததைத் திரும்ப வாங்கக்கூடாதாம். தன் பெயரை என் வீட்டில் விட்டுப்போகவும் மச்சானுக்கு மனமில்லை. பாணையும் படத்தையும் மாலை வந்த பையில் போட்டுக்கொண்டு, “இனி உங்கடை முகத்திலை முழிக்கமாட்டன்” என்று சொல்லிவிட்டுப் போனார்.

பன்னிரண்டு மணிக்குப் பெண்கள் மேசையைக் கலைத்தார்கள். சுமையேற்றிய குதிரை, தாள் நிறையத் தண்ணீரோடு வெங்காயம், ஏணி. ஒவ்வொன்றையும் சொல்லிச் சொல்லி எடுத்து வைத்தார்கள். மற்றவர்கள் பெட்டிகளைக் காருக்குக் கொண்டுபோனபின், என் மனைவியின் கட்டில் இருந்த இடத்தில் நின்றுகொண்டு பராமரிப்பாளர் சொன்னார்.

“அக்கா கடைசியா உங்களைக் கேக்கேல்லை. நீங்கள் கூட்டிவரப் போனது அவவுக்குத் தெரியும். அண்ணை வந்திட்டாரோ எண்டு கேட்டுக்கொண்டேயிருந்தா. கண் தெரியேல்லை. கையை நீட்டினா. நான் என்ரை கையைக் குடுத்து, ‘ஓம்’ எண்டு சொன்னனான். அந்த நேரம் என்ரை வாயிலை வந்த தமிழ் அவ்வளவுதான். என்ரை கையைத் தடவிப் பாத்திட்டு, ‘அண்ணை’ எண்டு சொன்னா. பிறகு அமைதியாப் போனா.”

மேசையில் எஞ்சியிருந்த கறுப்புத் துணியை நான் மடிக்கத் தொடங்கினேன்.

“செத்துக்கொண்டிருந்தவவுக்குப் பொய் சொன்னன் எண்டு எட்டு மாசமா எனக்கு நித்திரை இல்லை. போன மாதம் நீங்கள், அவரும் அதே மணித்தியாலம் போனவர் எண்டு சொன்னியள். அப்ப அவர் உண்மையாவே வந்துதான் நிண்டிருக்கிறார், நான் சொன்னது பொய்யில்லை எண்டு நினைச்சன். அந்தப் பாணை நான் எவ்வளவு சந்தோசமாச் சுட்டனான் தெரியுமோ? அதை ஏன் தந்திட்டுப் பறிச்சியள்?”

மேலங்கியை எடுத்துப் போட்டுக்கொண்டார். வாசலில் நின்று, “நான் சொன்னதை அவருக்குச் சொல்லுங்கோ. அது அவருக்குச் சேரவேண்டியது” என்றார். இஞ்சாருங்கோ என்று கூப்பிடவில்லை. அதன்பின் அவர் வரவில்லை.

அவர் சொன்னதை நான் பலமுறை சோதித்துப் பார்த்துவிட்டேன், ஒரு சாட்சியத்தைச் சோதிப்பதுபோல. அதில் குறை காணமுடியவில்லை. மச்சான் எழுதிய பொய் என் மனைவியளவில் நடந்த உண்மை. அவளுடைய வலது கை தமையனின் கையில் இருந்தது. அவள் அப்படித்தான் அறிந்து போனாள். இடது கையை அவள் தேடவே இல்லை.

இது மச்சானுக்குத் தெரியாது. எழுபத்தாறு வயதில், தங்கை தன்னைத் தேடித் தேடி ஏமாந்து போனாள் என்றுதான் அவர் ஒவ்வொரு நாளும் நினைத்திருப்பார். அதை மூடத்தான் ஏழாம் பக்கத்தை எழுதியிருப்பார். அவள் ஏமாறவில்லை என்று நான் சொன்னால் உடைந்து அழுவார். அழுது முடித்தபின் நிம்மதியாக உறங்குவார். அந்த உறக்கம் என்னிடம் இருக்கிறது. அதை அவருக்குக் கொடுக்காமல் வைத்திருப்பதற்கு எனக்கு மேசை வேண்டாம், கத்தரிக்கோல் வேண்டாம், ஒரு பொய்கூட வேண்டாம். பேசாமல் இருந்தால் போதும். இப்போது குளிர்காலம் முடியப்போகிறது. இன்னும் பேசவில்லை.

செய்யாமல் இருப்பவை:

கறுப்புத் துணியில் வழிந்த மெழுகைச் சுரண்டி, துவைத்து, பராமரிப்பாளரிடம் திருப்பிக் கொடுத்தல்.

அவரிடம் மன்னிப்புக் கேட்டல்.

கல்வெட்டு போன வீடுகளுக்கெல்லாம் ஏழாம் பக்கத்துக்கான திருத்தத்தை, இரண்டு கைகளையும் நீக்கி, பராமரிப்பாளருடைய பெயரைச் சேர்த்து அனுப்புதல்.

மச்சானுக்குச் சொல்லுதல்.